மீட்பர் என்னும் கதைக்கு அப்பால்: வெர்னா ஃபீல்ட்ஸின் படத்தொகுப்பும் வகைமைச் சினிமாவும்

ஆய்வுச்சுருக்கம்

1975இல் வெளிவந்த 'ஜாஸ்' திரைப்படத்தின் படத்தொகுப்பாளர் வெர்னா ஃபீல்ட்ஸ் (1918–1982) பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் ஒரே கதையைத் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. இயங்க மறுத்த இயந்திரச் சுறாவால் தத்தளித்த படத்தை அவர் தொகுப்பு மேசையில் காப்பாற்றினார் என்பது அக்கதை. அவரைப் புகழ்வதுபோல் தோன்றும் இக்கதை, அதற்கு முந்தைய இருபதாண்டுக் காலத் தொழிற்பயிற்சியைக் கண்ணுக்குப் புலனாகாமல் ஆக்கிவிடுகிறது என்று இக்கட்டுரை வாதிடுகிறது. ஒலித்தொகுப்பு, ஆவணப்படம், நகைச்சுவைப் படம் ஆகியவற்றில் அவர் பெற்ற பயிற்சி 'ஜாஸ்' படத்தின் திகில் உத்திகளாக உருமாறியதைச் சில காட்சிகளின்வழி ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: படத்தொகுப்பு, ஒலித்தொகுப்பு, வகைமைச் சினிமா, திகில், வெர்னா ஃபீல்ட்ஸ், ஆக்கவுரிமை

முன்னுரை

திரைப்படத் திறனாய்வில் படத்தொகுப்பாளர் பேசப்படுவது அரிது. பேசப்படும்போதும் அவர் மருத்துவராகவே உருவகிக்கப்படுகிறார்: படம் நோயுற்றிருந்தது, அவர் வந்தார், பிழைக்க வைத்தார். இவ்வுருவகத்துக்கு உலக சினிமாவில் மிகவும் புகழ்பெற்ற எடுத்துக்காட்டு 'ஜாஸ்'. 1974ஆம் ஆண்டு கோடையில் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் மார்த்தாஸ் வினியார்ட் தீவில் 55 நாள்களில் முடிய வேண்டிய படப்பிடிப்பு 159 நாள்களுக்கு நீண்டது. உப்புநீர் பட்டதும் இயந்திரச் சுறா பழுதாகிக்கொண்டே இருந்தது. சுறாவைக் காட்ட இயலாத நிலையில் அது காணப்படாமலேயே அச்சுறுத்தும் படம் உருவாயிற்று. 1976இல் சிறந்த படத்தொகுப்புக்கான ஆஸ்கர் விருதை ஃபீல்ட்ஸ் பெற்றார். படம் சிறந்த படத்துக்கான போட்டியில் இருந்தும், இயக்குநருக்கான பரிந்துரைப் பட்டியலில் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க்கின் பெயர் இடம்பெறவில்லை. இவ்விரண்டும் சேர்ந்தே மீட்பர் கதைக்கு உரமிட்டன எனலாம்.

இக்கதையின் குறை அது பொய் என்பதன்று. படப்பிடிப்புச் சிக்கல்கள் அனைவரும் அறிந்தவை. தொகுப்பின் சிறப்பும் மறுக்கத்தக்கதன்று. ஆனால் விபத்து நேர்ந்ததால்தான் கலை பிறந்தது என்று சொல்லும்போது, அந்த விபத்தைக் கையாளத் தெரிந்தவர் அதை எங்கே கற்றார் என்னும் வினா எழாமலே போய்விடுகிறது. அவ்வினாவுக்கு விடை தேடும்போது ஃபீல்ட்ஸின் தொழில்வாழ்க்கை 'ஜாஸ்' படத்துக்கான முன்னுரையாக மட்டும் எஞ்சுவதில்லை.

தமிழில் 'தொகுத்தல்' என்னும் சொல்லுக்கு நெடிய வரலாறு உண்டு. தொல்காப்பிய மரபியல், வழிநூலின் வகைகளுள் முதலாவதாகத் தொகுத்தலை வைக்கிறது. எட்டுத்தொகை நூல்கள் குறித்த மரபுச் செய்திகளோ தொகுத்தவரையும் தொகுப்பித்தவரையும் வேறுபடுத்துகின்றன. நற்றிணைக்குத் தொகுப்பித்தவன் பெயர் கிடைக்கிறது, தொகுத்தவர் பெயர் கிடைக்கவில்லை. குறுந்தொகைக்கு இதன் மறுதலை. 'படத்தொகுப்பாளர்' என்று வழங்கும் மொழியில் இருந்துகொண்டு இப்பொருளைச் சிந்திப்பதில் ஒரு வசதி இருக்கிறது. தொகுத்தல் வெறும் வெட்டி ஒட்டும் வேலையன்று, அதுவும் ஓர் ஆக்கம் என்னும் எண்ணம் இம்மொழிக்குப் புதிதன்று.

வீட்டிற்குள் ஒரு தொகுப்பறை

ஃபீல்ட்ஸ் மிசௌரி மாநிலத்தின் செயின்ட் லூயிஸ் நகரில் பிறந்தவர். தந்தை சாம் ஹெல்மன் இதழாளராக இருந்து பின்னர் ஹாலிவுட்டில் திரைக்கதை எழுதியவர். தெற்குக் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தில் இதழியல் பயின்ற மகள், 1940களில் உதவி ஒலித்தொகுப்பாளராகத் திரைத்துறைக்குள் வந்தார். ஃப்ரிட்ஸ் லாங்கின் 'தி உமன் இன் தி விண்டோ' (1944) அக்காலப் பணிகளுள் ஒன்று. படத்தொகுப்பாளர் சாம் ஃபீல்ட்ஸை 1946இல் மணந்தபின் தொழிலை விட்டு விலகினார். 1954இல் கணவர் மாரடைப்பால் இறந்தபோது அவருக்கு வயது 38. இரு மகன்களை வளர்க்கும் பொறுப்பு வெர்னாவின்மேல் விழுந்தது. அவர் மீண்டும் தொழிலுக்கு வந்தார். குழந்தைகள் உறங்கியபின் இரவில் வேலை பார்ப்பதற்காக வீட்டிலேயே தொகுப்பறை ஒன்றை அமைத்துக்கொண்டார்.

இச்செய்தியை உருக்கமான வாழ்க்கைக் குறிப்பாக மட்டும் படித்துவிட்டுக் கடந்துவிடுவது எளிது. அப்போது அவர் செய்த வேலையின் இயல்பைக் கவனிக்க வேண்டும். 'ஸ்கை கிங்', 'டெத் வேலி டேஸ்' போன்ற தொலைக்காட்சித் தொடர்களுக்கு ஒலி அமைப்பது அது. வாரந்தோறும் அத்தியாயம் போக வேண்டும். மறுபடப்பிடிப்புக்கு வழியில்லை. வந்து சேரும் காட்சித்துண்டுகளில் குறையிருந்தால் அதை ஒலியால் நிரப்ப வேண்டும்: குதிரை சட்டகத்துக்குள் இல்லையென்றால் குளம்படியேனும் கேட்க வேண்டும். கையில் இல்லாததை இருப்பதுபோல் நம்பவைக்கும் கலையை வாரக்கூலிக்குச் செய்துவந்த ஒருவருக்கு, 1974இல் கடலில் மூழ்கிக் கிடந்த சுறா அத்தனை பெரிய அதிர்ச்சியாக இருந்திருக்க வேண்டியதில்லை.

பெருஞ்செலவுப் படங்களும் வந்தன. ஆண்டனி மேனின் 'எல் சிட்' (1961) ஒலித்தொகுப்புக்காக அவர் ஒலித்தொகுப்பாளர் சங்கத்தின் கோல்டன் ரீல் விருதைப் பெற்றார். அறுபதுகளில் தாம் பயின்ற பல்கலைக்கழகத்திலேயே தொகுப்புக் கற்பித்தார். அமெரிக்க அரசுத் தகவல் நிறுவனத்துக்கான ஆவணப்படங்களிலும் பணியாற்றினார். அவ்வாறான ஒரு படத்துக்கு அவர் அமர்த்திய இளைஞர் இருவர் ஜார்ஜ் லூக்காஸும் மார்சியா கிரிஃபினும். அவ்விருவரும் அங்கேதான் அறிமுகமாயினர். பின்னர் மார்சியா லூக்காஸும் ஃபீல்ட்ஸும் இணைந்து 'அமெரிக்கன் கிராஃபிட்டி'யைத் (1973) தொகுத்து ஆஸ்கர் பரிந்துரை பெற்றனர்.

துப்பாக்கியின் தொலைவு

ஃபீல்ட்ஸின் ஒலித்தொகுப்புப் பணிகளுள் வகைமைச் சினிமாவைப் பொறுத்தவரை முதன்மையானது பீட்டர் பொக்டனோவிச்சின் 'டார்கெட்ஸ்' (1968). ரோஜர் கோர்மனுக்கு போரிஸ் கார்லாஃப் கடன்பட்டிருந்த இரண்டு நாள் நடிப்பை மூலதனமாகக் கொண்டு தொடங்கிய மலிவுப்படம் அது. வயது முதிர்ந்த திகில்பட நடிகர் ஒருவரின் கதையும், காரணமின்றி மனிதர்களைச் சுட்டுத்தள்ளும் இளைஞன் ஒருவனின் கதையும் அதில் இணையாகச் சென்று திறந்தவெளித் திரையரங்கில் சந்திக்கின்றன. படத்தை வெட்டியவர் பொக்டனோவிச். ஒலியை அமைத்தவர் ஃபீல்ட்ஸ்.

எண்ணெய்த் தொட்டியின் உச்சியில் அமர்ந்து நெடுஞ்சாலையில் செல்லும் வாகனங்களை அந்த இளைஞன் சுடும் காட்சி ஒலியின்றிப் படமாக்கப்பட்டது. ஆகவே அங்கே கேட்கும் ஒவ்வொன்றும் பின்னர் வைக்கப்பட்டதே. நெடுஞ்சாலையின் இரைச்சல் ஓயாமல் ஓடுகிறது. அருகில் துப்பாக்கி வெடிக்கிறது. தொலைவில் ஒரு கார் தடுமாறி ஓரமாகச் சாய்கிறது. வெடிப்புக்கும் சாய்வுக்கும் இடையிலான சிறு இடைவெளியில்தான் கொடுமை முழுவதும் இருக்கிறது. சுடப்பட்டவரின் முகத்தையோ அலறலையோ இப்படம் அருகில் கொண்டுவருவதில்லை. பின்னணி இசையும் இல்லை. வானொலி முதலிய கதையுலகக் கருவிகளிலிருந்து வருவதைத் தவிர வேறு இசை ஒலிப்பதில்லை. கொலை எப்போது நிகழும் என்பதை முன்கூட்டி உணர்த்தும் அறிகுறி எதுவும் பார்வையாளருக்குக் கிடைப்பதில்லை.

இதை 'ஜாஸ்' படத்தின் இசையோடு ஒப்பிட்டால் ஒரு நேர்த்தியான தலைகீழாக்கம் தெரிகிறது. அங்கே ஜான் வில்லியம்ஸின் இரு சுர இசைத்துணுக்கு சுறாவின் வருகையை அறிவிக்கிறது. சிறுவர் இருவர் அட்டைத் துடுப்பைக் கட்டிக்கொண்டு கூட்டத்தை ஏமாற்றும்போது அது ஒலிப்பதில்லை. எனவே இசை கேட்டால் சுறா, கேட்காவிட்டால் பொய் என்னும் இலக்கணத்தைப் பார்வையாளர் தாமறியாமலே கற்றுக்கொள்கிறார். ஏறத்தாழ 80 நிமிடங்களுக்குப்பின் பிராடி இரைமீனைக் கடலில் அள்ளிப் போட்டுக்கொண்டிருக்கையில் சுறா இசையின்றித் தலையை நீட்டுகிறது. கற்பித்த இலக்கணம் அந்த நொடியில் உடைகிறது. இசையை எழுதியவர் வில்லியம்ஸ். எங்கே நிறுத்துவது என்பது கூட்டு முடிவாகவே இருந்திருக்கும். ஆயினும் அமைதியும் ஒலியும் பார்வையாளருக்குக் கொடுக்கப்படும் வாக்குறுதிகள் என்பதை ஓர் ஒலித்தொகுப்பாளர் அறிந்திருந்த அளவுக்கு வேறெவரும் அறிந்திருக்க வாய்ப்பில்லை.

ஹாஸ்கெல் வெக்ஸ்லரின் 'மீடியம் கூல்' (1969) படத்தில் அவர் படத்தொகுப்பாளர். 1968 ஆகஸ்டில் சிகாகோவில் ஜனநாயகக் கட்சி மாநாட்டின்போது காவலர்க்கும் போராட்டக்காரர்க்கும் இடையே நடந்த உண்மை மோதலுக்குள் கற்பனைப் பாத்திரங்களை நடக்கவிட்டு எடுத்த படம் அது. கண்ணீர்ப்புகை வெடிக்கையில் இது நிஜம் என்று ஒளிப்பதிவாளரை எச்சரிக்கும் குரல் ஒன்று படத்தில் கேட்கிறது. படத்தின் மிக 'உண்மையான' நொடியாகப் பலராலும் சுட்டப்படும் அக்குரல் நிகழ்விடத்தில் பதிவானதன்று, பின்னர்ச் சேர்க்கப்பட்டது. மெய்ம்மை என்பது தொகுப்பறையில் கட்டப்படுவது என்னும் கருத்தை விளக்க இதைவிடச் சுருக்கமான சான்று கிடைப்பது கடினம். மஞ்சள் உடை அணிந்த தாய் ஒருத்தி காணாமற்போன மகனைத் தேடிக் கூட்டத்தினூடே நடக்கும் பகுதியில், எவரும் திட்டமிடாத காட்சித்துண்டுகள் அவளது தேடலின் திசையால் மட்டுமே கோவைப்படுகின்றன. 'ஜாஸ்' படத்தின் கடற்கரைக் கூட்டமும் இவ்வாறே ஒருவருடைய பதற்றத்தால் கோவைப்படுகிறது.

சிரிப்பைத் தள்ளிப்போடுதல்

ஃபீல்ட்ஸைப் பற்றிய எழுத்துகளில் பொக்டனோவிச்சின் நகைச்சுவைப் படமான 'வாட்ஸ் அப், டாக்?' (1972) ஓரிரு சொற்களில் கடந்து செல்லப்படுகிறது. உண்மையில் திகிலுக்கான நேரடிப் பயிற்சி அங்கேதான் இருக்கிறது. சான் பிரான்சிஸ்கோ தெருக்களில் நடக்கும் துரத்தலின் நடுவே இருவர் பெரிய கண்ணாடிப் பலகை ஒன்றைச் சாலையின் குறுக்கே தூக்கிச் செல்கின்றனர். அது உடையப்போகிறது என்பது கண்ட நொடியிலேயே எல்லோருக்கும் தெரியும். கார்கள் பாய்கின்றன, கண்ணாடி தப்புகிறது. மீண்டும் பாய்கின்றன, மீண்டும் தப்புகிறது. ஒவ்வொரு தப்புதலும் சிரிப்பைச் செலவழிக்காமல் சேர்த்துவைக்கிறது. இறுதியில் எதிர்பார்த்த காரால் அன்றி வேறொரு பக்கத்திலிருந்து உடைகிறது.

'ஜாஸ்' படத்தில் அலெக்ஸ் என்னும் சிறுவன் கொல்லப்படும் கடற்கரைக் காட்சி இதே வாய்பாட்டில் அமைந்தது. காவல்துறைத் தலைவர் பிராடி மணலில் அமர்ந்து கடலைப் பார்க்கிறார். கருந்தொப்பி அணிந்த முதியவரின் தலை துடுப்பைப்போல் நீரில் நகர்கிறது: பொய். ஒரு பெண் அலறுகிறாள்: காதலன் அவளைத் தோளில் தூக்கியிருக்கிறான், அதுவும் பொய். ஒருவர் வந்து பிராடியின் முகத்துக்கெதிரே நின்று சொந்தக் குறைகளைப் பேசுகிறார். அவருடைய தோளுக்கு அப்பால் கடலைக் காண பிராடியும் பார்வையாளரும் ஒருசேர எக்குகின்றனர். பின்னர் நாயை அழைக்கும் குரல் மட்டும் கேட்கிறது. எறிந்த குச்சி நீரில் மிதக்கிறது, நாய் இல்லை. இங்கேயே மரணம் கடலுக்குள் வந்துவிட்டது. ஆனால் அதைச் சொன்னது பிம்பமன்று, விடைபெறாத ஓர் அழைப்பு. அதன்பிறகே நீருக்கடியிலிருந்து பார்க்கும் பார்வையும் இசையும் தொடங்குகின்றன.

இக்காட்சியில் பலரும் வியப்பது வேறோர் உத்தி. குளிக்கச் செல்வோர் கேமராவுக்கு மிக அருகில் குறுக்கே கடக்கும்போதெல்லாம் அவர்களுடைய உடல் திரையை ஒருகணம் மறைக்கிறது. அம்மறைப்பில் வெட்டு ஒளிந்துகொள்கிறது. உடல் விலகும்போது பிராடியின் முகம் முன்னைவிட நெருங்கியிருக்கிறது. இது படப்பிடிப்பிலேயே திட்டமிடப்பட்டிருக்க வேண்டும். மறைக்கும் உடல்களைப் படமாக்காமல் தொகுப்பறையில் உண்டாக்க இயலாது. ஆகவே இவ்வுத்தியை ஃபீல்ட்ஸின் தனிச்சாதனையாக எழுதுவோர் அவருக்கு நன்மை செய்யவில்லை. அவருடைய கையை அடையாளங்காண வேண்டிய இடம் வேறு: அடுத்தடுத்த பொய் எச்சரிக்கைகளின் கால அளவு. முதியவரின் தலை எத்தனை நேரம் துடுப்பாகத் தோன்றலாம், எப்போது மனிதராக வேண்டும்? ஒருகணம் குறைந்தால் அச்சமில்லை, ஒருகணம் கூடினால் ஏமாற்றப்பட்ட எரிச்சல்.

படத்தின் பிற்பகுதியான கடல்வேட்டை இதைவிடக் கடினமான தொகுப்பு என்பது இக்கட்டுரையின் கருத்து. மாதக்கணக்கில் எடுத்த காட்சித்துண்டுகளில் வானமும் நீரின் நிறமும் அலையின் உயரமும் ஒன்றோடொன்று பொருந்தவில்லை. கூர்ந்து பார்த்தால் தெளிந்த வானமும் மேகமூட்டமும் ஒரே உரையாடலுக்குள் மாறி வருவதைக் காணலாம். பெரும்பாலோர் காண்பதில்லை. காரணம், வெட்டுகள் அனைத்தும் ஒரு செயலின் நடுவே விழுகின்றன: கயிறு இழுபடுகிறது, பீப்பாய் தெறிக்கிறது, யாரோ திரும்புகிறார். கண் செயலைத் தொடர்கிறது, வானத்தைப் பார்ப்பதில்லை. சுறாவைக் காட்ட இயலாத இடங்களில் அதன் உடலில் தைத்த மஞ்சள் பீப்பாய்கள் அதற்குப் பதிலாக நடிக்கின்றன. நீருக்குமேல் ஓடும் பீப்பாய், காணாத குதிரையின் குளம்படியைப்போல.

இதற்கு மறுதலையாக நிற்பது குவின்ட் தம் போர்க்கால நினைவைக் கூறும் இரவுக்காட்சி. அங்கே தொகுப்பு ஏறக்குறைய விலகிக்கொள்கிறது. குவின்டின் முகம் நெடுநேரம் திரையில் தங்குகிறது. கேட்பவர் முகங்கள் தேவையான அளவுக்கு மட்டும் வந்துபோகின்றன. அதற்கு முன்பே 'பேப்பர் மூன்' (1973) படத்தின் நீண்ட காட்சித்துண்டுகளில் வெட்டாமல் இருக்கும் பொறுமையை ஃபீல்ட்ஸ் பழகியிருந்தார். நூற்றுக்கணக்கான வெட்டுகளுக்காகப் புகழப்படும் படத்தில் மக்கள் மறவாமல் நினைவில் வைத்திருக்கும் பேச்சு மிகக் குறைவாக வெட்டப்பட்டது.

இரண்டு சட்டகங்களும் ஒரு நீச்சல் குளமும்

சுறா திரையில் நிற்கும் காலத்தைப் பற்றித் தமக்கும் ஃபீல்ட்ஸுக்கும் இடையே நடந்த இழுபறியை ஸ்பீல்பெர்க் பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். 36 சட்டகங்கள் (பிரேம்கள்) இருந்தால் சுறா உயிருள்ளதாகத் தெரியும். 38 சட்டகங்கள் இருந்தால் மிதக்கும் பொம்மையாகிவிடும். பெரும்பாடுபட்டுப் படமாக்கிய இயக்குநருக்கு இன்னும் கொஞ்சம் காட்ட ஆசை. வெட்ட வேண்டும் என்று நின்றவர் ஃபீல்ட்ஸ். நொடிக்கு 24 சட்டகங்கள் ஓடும் கணக்கில் இரண்டு சட்டகம் என்பது நொடியின் பன்னிரண்டில் ஒரு பங்கு.

மற்றொரு நிகழ்வில் பங்குகள் இடம்மாறுகின்றன. டல்லாஸ் நகரில் நடந்த முன்னோட்டக் காட்சிக்குப்பின் பார்வையாளரிடமிருந்து இன்னும் ஓர் அலறலைப் பெற விரும்பினார் ஸ்பீல்பெர்க். மூழ்கிய படகின் ஓட்டைவழியே மீனவர் பென் கார்ட்னரின் தலை வெளிப்படும் துணுக்கு ஃபீல்ட்ஸின் வீட்டு நீச்சல் குளத்தில் படமாக்கப்பட்டது. கடல்நீரைப்போல் கலங்கித் தெரிய நீரில் பால்பொடி கலக்கப்பட்டது. எதிர்பார்த்த அலறல் கிடைத்தது. ஆனால் அதன்பின் வரும் இரைமீன் காட்சியில் பார்வையாளர் முன்போல் அலறவில்லை என்பதையும் ஸ்பீல்பெர்க்கே ஒப்புக்கொண்டிருக்கிறார். ஒருமுறை ஏமாந்தவர்கள் எச்சரிக்கையாகிவிட்டனர். அச்சத்தின் அளவு ஒரு படத்துக்குள் வரம்புடையது, ஓரிடத்தில் செலவிட்டால் மற்றோரிடத்தில் குறையும் என்பதற்கு இது தெளிவான சான்று. அத்துணுக்கு இல்லாத படமே மேலானது என்று வாதிடவும் இடமுண்டு. தலை வெளிப்படும் காட்சி அதிர்ச்சி, இரைமீன் காட்சி திகில்.

இவ்விரு நிகழ்வுகளையும் அருகருகே வைத்தால், யார் படத்தைக் காப்பாற்றினார் என்னும் வினா பயனற்றுப்போகிறது. ஒருவர் குறைக்கச் சொல்கிறார், மற்றவர் கூட்டச் சொல்கிறார். படம் அந்த இழுபறியின் விளைவு.

'அம்மா' என்னும் பட்டம்

இளம் இயக்குநர்கள் ஃபீல்ட்ஸை 'மதர் கட்டர்' என்று அழைத்தனர். அன்போடு இடப்பட்ட பெயர்தான். ஆனால் அதில் ஒரு பழைய எண்ணம் ஒளிந்திருக்கிறது. ஹாலிவுட்டின் தொடக்ககாலத்தில் படச்சுருள்களை வெட்டி ஒட்டுவது தையல்வேலையை ஒத்ததெனக் கருதப்பட்டதால், பெண்கள் மிகுதியாக அமர்த்தப்பட்ட துறை அது. ஆன் பாச்சன்ஸ், மார்கரெட் பூத் முதலியோர் அவ்வழி வந்தவர்கள். 'ஜாஸ்' வென்ற ஆண்டில் ஃபீல்ட்ஸோடு போட்டியிட்டவர்களுள் 'டாக் டே ஆஃப்டர்நூன்' படத்தைத் தொகுத்த டீடி ஆலனும் ஒருவர். தையற்காரியாகத் தொடங்கிய உருவகம் எழுபதுகளில் தாயாக உயர்ந்தது. தாய் பொறுமையானவள், பிள்ளைகளின் பிழையைத் திருத்துபவள், அதற்காகப் பெயர் கேட்காதவள். மீட்பர் கதையும் தாய்ப் பட்டமும் ஒரே வேலையைச் செய்கின்றன: திறனைக் குணமாக மாற்றிவிடுகின்றன. 36 என்று சொல்வதற்குப் பாசம் தேவையில்லை. கணக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

1976இல் யூனிவர்சல் நிறுவனம் ஃபீல்ட்ஸைக் கதைப்படத் தயாரிப்புப் பிரிவின் துணைத்தலைவராக்கியது. பெரிய நிறுவனங்களின் மேல்மட்டத்தில் பெண்கள் அரிதாக இருந்த காலம் அது. இதனை வெற்றியின் முடிவாக எழுதுவது வழக்கம். ஆனால் 'ஜாஸ்' படத்துக்குப்பின் அவர் எந்தப் படத்தையும் தொகுக்கவில்லை. ஸ்பீல்பெர்க்கின் அடுத்த படத்தைத் தொகுத்தவர் மைக்கேல் கான். அந்த இணை பல பத்தாண்டுகள் நீடித்தது. ஐம்பத்தெட்டு வயதில், தம் கைத்திறன் உச்சத்தில் இருக்கையில், ஒருவர் மேசையை விட்டு எழுந்து அலுவலக அறைக்குச் சென்றார் என்பதில் இழப்பும் இருக்கிறது. அது எவரும் கணக்கிடாத இழப்பு.

அவர் 1982 நவம்பரில் காலமானார். யூனிவர்சல் வளாகத்தில் ஒரு கட்டடம் அவர் பெயரைத் தாங்கியிருக்கிறது. 'எல் சிட்' படத்துக்காக அவருக்கு விருதளித்த ஒலித்தொகுப்பாளர் சங்கமோ, திரைப்படக் கல்லூரி மாணவர்களுக்கு 'வெர்னா ஃபீல்ட்ஸ் விருது' வழங்கிவருகிறது. அது படத்தொகுப்புக்கன்று, ஒலித்தொகுப்புக்கு.